வேலூர் வெயிலில் காளான் யாருக்கு விற்கும்?

குடியாத்தத்திலிருந்து ஒரு வாசகர் கேட்டது
ஜூலை 21, 2024, மாலை 6.15

பி.காம் முடித்து இரண்டு வருடம் சென்னையில் வேலை பார்த்தேன். இப்போது ஊருக்குத் திரும்பிவிட்டேன். அப்பாவுக்கு ஒன்றரை ஏக்கரும் ஒரு கிணறும் இருக்கின்றன. என் கையில் 3 லட்சம். டிரஃபிள் என்கிற காளான் கிலோ லட்சக்கணக்கில் விலை போவதாக வீடியோவில் பார்த்தேன். அது முடியாவிட்டால் மொட்டுக் காளானாவது (பட்டன் மஷ்ரூம்) போடலாம் என்று யோசனை. வட ஆற்காட்டுப் பக்கம் யாராவது போட்டு விற்றிருக்கிறீர்களா? இங்கே அதற்குச் சந்தை இருக்கிறதா?

ஜூலை 21, 2024, இரவு 9.40

நான் ஒடுகத்தூர் பக்கம் 2013 முதல் சிப்பிக் காளானும் பால் காளானும் போடுகிறேன். விரிஞ்சிபுரம் வேளாண் அறிவியல் நிலையத்தில் பயிற்சி எடுத்துத் தொடங்கினேன்.

டிரஃபிளை விட்டுவிடுங்கள் தம்பி. அது ஓக், ஹேசல் மாதிரி மரங்களின் வேரோடு சேர்ந்து மண்ணுக்குள் வளர்வது. சுண்ணாம்புச் சத்துள்ள மண்ணும் நல்ல குளிர்காலமும் வேண்டும். மரம் நட்டுப் பல வருடம் காத்திருக்க வேண்டும். கத்திரி வெயிலில் 42 டிகிரியைத் தாண்டுகிற ஊரில், நம் செம்மண்ணில், அது வராது. டிரஃபிள் நாற்று தருகிறேன் என்று யாராவது வந்தால் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

மொட்டுக் காளானுக்கு விதை, அதாவது நாம் போடுகிற பூஞ்சை, பரவ 22 முதல் 25 டிகிரி, மொட்டு வர 14 முதல் 18 டிகிரி தேவை. ஏசி இல்லாமல் இங்கே முடியாது. கம்போஸ்ட் தயாரிப்பது தனி வேலை. இவ்வளவும் செய்து முடித்தால் ஊட்டி, கொடைக்கானல் பக்கத்திலிருந்து வருகிற 200 கிராம் டப்பாவோடு விலையில் மோத வேண்டியிருக்கும். 3 லட்சம் போதாது.

சந்தை இருக்கிறதா என்றால், இருக்கிறது. காலை ஐந்தரைக்குத் திறந்து பதினொன்றுக்கு மூடிவிடும். நான் மார்க்கெட் கேட்டைச் சொல்லவில்லை. விளக்கமாக நாளை எழுதுகிறேன், இப்போது தண்ணீர் தெளிக்கப் போக வேண்டும்.

ஜூலை 22, 2024, மதியம் 1.30

முதல் அறுவடை 14 கிலோ சிப்பிக் காளான். 2013 ஐப்பசி மாதம். அறுத்து, அடி நறுக்கி, பெரிய பிளாஸ்டிக் கவர்களில் போட்டுக் கட்டி, பஸ் பிடித்து ஒரு கமிஷன் மண்டிக்குப் போய்ச் சேரும்போது மணி ஒன்பதரை. காய்கறி ஏலமெல்லாம் முடிந்துவிட்டது. ஓரமாக வையுங்கள், யாராவது கேட்டால் தருகிறோம் என்றார்கள். நானும் விவரம் தெரியாமல் தக்காளிக் கூடைகளுக்குப் பக்கத்தில் வெயிலில் வைத்தேன். பன்னிரண்டு மணிக்குக் கவருக்குள் தண்ணீர் கோத்துவிட்டது. ஓரங்கள் மஞ்சளாகி வாடை வந்தது. கடைசியில் கிலோ 40 ரூபாய்க்குக் கேட்டார்கள், கொடுத்துவிட்டு வந்தேன்.

வேலூரில் காளானுக்கு விலை இல்லை என்றே அன்று நினைத்தேன். அடுத்த தடவை நாலரை மணிக்கே அறுத்து வீட்டுக்காரரோடு டிவிஎஸ் எக்ஸ்எல்லில் போனேன். அதே மண்டி, அதே ஆள், ஆறு மணிக்கு 120 ரூபாய் போட்டார். காளான் ஒன்றுதான், மூன்றரை மணி நேரம் முந்திப் போனதில் 80 ரூபாய் வித்தியாசம்.

சிப்பிக் காளான் வெளியில் ஒரு நாள்கூடச் சரியாகத் தாங்காது, ஃப்ரிட்ஜில் வைத்தால் இரண்டு நாள். பால் காளான் ஃப்ரிட்ஜில் நாலைந்து நாள் தாங்கும். வேலூர்க் காளான் வியாபாரத்தில் நான் கற்றுக்கொண்ட மற்றதெல்லாம் இந்த நாள் கணக்கிலிருந்து வந்ததுதான்.

ஜூலை 23, 2024, இரவு 8.05

நேற்று 14 கிலோ என்று எழுதியிருந்தேன். வீட்டுக்காரர் படித்துவிட்டு அது 11 கிலோதான் என்றார். பழைய நோட்டை எடுத்துப் பார்த்தேன். 11 கிலோ 400 கிராம். 40 ரூபாய் சரிதான்.

ஜூலை 28, 2024, காலை 11.20

பீகாரில் ஓலைக் கொட்டகையில் மொட்டுக் காளான் போடுகிறார்களே, இங்கே ஏன் முடியாது என்று ஆரணி வாசகர் கேட்டிருக்கிறார். நல்ல கேள்வி. பீகார் சில வருடங்களாகக் காளான் உற்பத்தியில் முன்னால் நிற்கிறது. ஆனால் அந்தச் சமவெளியில் டிசம்பரும் ஜனவரியும் உண்மையான குளிர். கொட்டகைக்குள்ளேயே 15 டிகிரி கிடைக்கும். பஞ்சாப், ஹரியானாவிலும் அப்படித்தான் பருவம் பார்த்துப் போடுகிறார்கள். இமாச்சலத்தில் சோலன் நகரத்தை 1997-இல் இந்தியாவின் காளான் நகரம் என்றே அறிவித்தார்கள். அங்கே மலைக் குளிரும் இருக்கிறது, தேசியக் காளான் ஆராய்ச்சி நிலையமும் இருக்கிறது. நமக்கு மார்கழி ராத்திரி 18 டிகிரிக்கு வந்தாலும் பகலில் 28-க்கு ஏறிவிடும். அந்த ஏற்ற இறக்கத்தில் மொட்டு நிற்காது.

நமக்கென்று இருப்பது பால் காளான். 30 முதல் 35 டிகிரியில் சுகமாக வரும். தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் 1998-இல் வெளியிட்ட ஏபிகே 2 ரகம் அருப்புக்கோட்டையில் உருவானது. அந்த ஊர் வெயிலில் வந்த ரகத்துக்கு வேலூர் வெயில் அந்நியமில்லை. என் கணக்கில் மாசிக் கடைசியிலிருந்து ஐப்பசி வரை பால் காளான், கார்த்திகையிலிருந்து மாசி வரை சிப்பி. வெயில் காலத்தில் சிப்பி போட்டு இரண்டு வருடம் நஷ்டப்பட்ட பிறகுதான் இந்த ஒழுங்குக்கு வந்தேன்.

சரி, யார் வாங்குகிறார்கள்?

வேலூருக்கு ஒரு விசேஷம் இருக்கிறது. சிஎம்சி ஆஸ்பத்திரிக்காக மேற்கு வங்காளம், ஜார்க்கண்ட், ஒடிசா, வடகிழக்கு என்று எங்கெங்கிருந்தோ வந்து வாரக்கணக்கில் தங்குகிறார்கள். காந்தி ரோடு, பாபு ராவ் தெருப் பக்கத்து லாட்ஜுகளில் பலர் அடுப்பு வைத்துத் தாங்களே சமைக்கிறார்கள். அவர்கள் காளானைப் பார்த்து இது என்ன என்று கேட்பதே இல்லை. நம் ஊர்க்காரர் பாதிப் பேர் பால் காளானை முள்ளங்கி மாதிரி இருக்கிறதே என்று தொட்டுப் பார்த்துவிட்டு வைத்துவிடுவார்கள். ஒடிசாக்காரர்கள் வைக்கோல் காளான் கேட்பார்கள், அது அவர்களுக்கு உயிர். ஜார்க்கண்டிலிருந்து கணவருக்கு வைத்தியம் பார்க்க வந்திருந்த ஒரு அம்மா, ருக்டா இருக்கிறதா என்று கையால் உருண்டை காட்டிக் கேட்டார். எனக்குப் புரியவில்லை. பிறகு விசாரித்தேன். மழைக்காலத்தில் சால் மரத்தடி மண்ணிலிருந்து தோண்டி எடுக்கிற, கோலிக்குண்டு மாதிரியான காளான் அது. சத்தீஸ்கர் பஸ்தரில் போடா என்கிறார்கள். மழை தொடங்கின முதல் வாரத்தில் கறியைவிட அதிக விலைக்குப் போகுமாம். நம் தேசத்தின் டிரஃபிள் என்று அதைத்தான் சொல்ல வேண்டும். சால் மரம் நம் பக்கம் கிடையாது, அதனால் அதுவும் இங்கே வராது. அந்த அம்மா அரைக் கிலோ சிப்பி வாங்கிக்கொண்டு போனார். இரண்டு மாதம் தங்கியிருந்தவரை வாரம் இரண்டு தடவை வந்தார்.

அப்புறம் காட்பாடிப் பக்கத்து மாணவர்கள், சின்ன ஓட்டல்கள், டோல்கேட் உழவர் சந்தைக்கு நடைப்பயிற்சி முடித்து வருகிறவர்கள். அப்புறம் கல்யாண சமையல்காரர்கள். ஆம்பூர் பக்கத்துக் கல்யாணத்தில் சீரகச் சம்பா பிரியாணி நூறு கிலோ அரிசிக்கு ஓடும்போது, கறி சாப்பிடாதவர்களுக்கு ஓரமாக ஒரு அண்டாவில் காளான் பிரியாணி போடுகிறார்கள். அதற்குப் பால் காளான்தான் வேண்டும் என்று கேட்டு வாங்குகிற ஒரு பாய் எனக்கு ஆறு வருட வாடிக்கை. மொட்டுக் காளான் தம்மில் சுருங்கிவிடும், சிப்பி நார் நாராகிவிடும், இது பல்லுக்கு நிற்கும் என்பார். முந்தின நாளே சொல்லிவிடுவார், ரொக்கம்.

ஜூலை 28, 2024, மாலை 4.00

சாலையோர மசாலா காளான் கடைகளை விட்டுவிட்டீர்களே, வேலூரில் தெருவுக்குத் தெரு வந்துவிட்டதே என்று ஒருவர். கோயம்புத்தூர்ப் பக்கத்திலிருந்து வந்த அந்தப் பண்டத்தில் பெரும்பகுதி முட்டைக்கோஸும் மைதாவும்தான். பெயரில் இருக்கிற அளவுக்குத் தட்டில் காளான் இருக்காது. அந்தக் கடைகளை எண்ணிச் சந்தையைக் கணக்குப் போடாதீர்கள். நான் 2017-இல் அப்படி ஏழு கடைகளை எண்ணிக்கொண்டு படுக்கையை, அதாவது காளான் வளர்க்கிற வைக்கோல் பைகளை, கூட்டினேன். ஏழு கடையும் சேர்ந்து ஒரு நாளைக்கு ஒன்றரைக் கிலோ எடுத்தது.

ஆகஸ்ட் 4, 2024, காலை 7.45

நேற்று ஆடிப்பெருக்கு. இரண்டு நாளாக ராத்திரி இடி மழை. இன்று காலை பீஞ்சமந்தைப் பக்கத்து மலைக்காரப் பெண்கள் இரண்டு பேர் தேக்கிலையில் வைத்துப் புற்றுக் காளான் கொண்டு வந்தார்கள். எட்டு மணிக்குள் தீர்ந்துவிடும். என் காளான் அதன் பக்கத்தில் வைத்தால் ஒருவரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். பார்க்கவும் வேண்டாம், அந்த ருசி வேறு. கரையான் புற்றுக்குள் வளர்க்கிற பூஞ்சையிலிருந்து வருவது அது. கரையான் இல்லாமல் யாராலும் பயிர் பண்ண முடியவில்லை. இதற்கு விதை விற்பதாகச் சொன்னால் அதுவும் பொய்.

ஒன்று மட்டும் கெஞ்சிக் கேட்கிறேன். மலையில் பிறந்து வளர்ந்து, பாட்டியோடு பொறுக்கிப் பழகினவர்களிடம் மட்டும் வாங்குங்கள். நீங்களே வரப்பில் பார்த்ததைப் பறிக்காதீர்கள். வெள்ளிக் காசு போட்டால் கறுக்கும், மஞ்சள் போட்டால் நிறம் மாறும், ஆடு தின்றால் நாமும் தின்னலாம் என்று சொல்வதில் எதுவும் உண்மையில்லை. மோசமான நச்சுக் காளான் சாப்பிட்ட ஆறிலிருந்து பன்னிரண்டு மணி நேரம் வரை ஒன்றும் காட்டாது. அதற்குள் கல்லீரலில் வேலையை ஆரம்பித்திருக்கும்.

ஆகஸ்ட் 11, 2024, மதியம் 2.10

புரட்டாசிக் கணக்கு. இந்த வருடம் செப்டம்பர் 17-இல் புரட்டாசி பிறக்கிறது. முதல் சனிக்கிழமை 21. கறி நிறுத்துகிற வீடுகளில் வாரத்தில் இரண்டு நாளாவது காளான் கேட்பார்கள். அன்றைக்குக் காளான் கையில் இருக்க வேண்டும் என்றால் பால் காளான் படுக்கையை இந்த வாரமே போட வேண்டும். வைக்கோலை ஐந்து மணி நேரம் ஊறவைத்து, ஒரு மணி நேரம் வேகவைத்து, கையில் பிழிந்தால் ஈரம் தெரிய வேண்டும், சொட்டக் கூடாது என்ற அளவுக்கு நிழலில் உலர்த்தி அடுக்கடுக்காக விதை போட்டுக் கட்டினால், வெள்ளையாகப் பரவப் பதினைந்து இருபது நாள். அப்புறம் பையைப் பாதியாக வெட்டி, வேகவைத்த மண்ணை மேலே போட்டு மூடி, பத்து நாளில் மொட்டு, அதற்குப் பின் ஒரு வாரத்தில் அறுப்பு. சிப்பி என்றால் ஆகஸ்ட் 27 வாக்கில் போட்டால் போதும்.

நான் வழக்கமாக 120 படுக்கை. புரட்டாசிக்கு 300 போடுகிறேன். குடியாத்தம் தம்பி, நீங்களும் 50 படுக்கையோடு தொடங்குங்கள். புரட்டாசியில் போட்டதெல்லாம் விற்கும்.

(கடைசி வரியைப் பற்றி அக்டோபர் 5 குறிப்பைப் பாருங்கள்.)

ஆகஸ்ட் 25, 2024, இரவு 10.30

தம்பி தனியாக எழுதிக் கேட்டதற்கு எல்லாரும் பார்க்கும்படி இங்கே பதில் சொல்கிறேன், ஏனென்றால் இதில் விழுந்தவர்கள் நம் மாவட்டத்தில் நிறையப் பேர்.

ஒரு கம்பெனி வந்து, 2 லட்சம் கட்டினால் ஷெட்டும் விதையும் தருகிறோம், விளைந்ததை கிலோ 300-க்கு நாங்களே திரும்ப எடுத்துக்கொள்கிறோம் என்கிறது. ஒப்பந்தம் முத்திரைத்தாளில் இருக்கிறது என்கிறீர்கள். 2016-இல் இதே பேச்சோடு வேறொரு கம்பெனி எங்கள் மகளிர் குழுவுக்கு வந்தது. பன்னிரண்டு பேர் ஆளுக்கு 20,000 போட்டோம். முதல் இரண்டு வாரம் வண்டி வந்தது, காசும் வந்தது. மூன்றாவது வாரம் தரம் சரியில்லை என்று பாதியைத் தள்ளினார்கள். நாலாவது வாரம் வண்டி வரவில்லை. போனை எடுக்கவில்லை. அது நவம்பர், பணமதிப்பிழப்பு வந்த மாதம். வெளியில் விற்றாலும் கடன்தான், கையில் ரொக்கம் எவரிடமும் இல்லை. குழுவில் மூன்று பேர் அதோடு காளானையே விட்டுவிட்டார்கள். அவர்களைச் சேர்த்துவிட்டது நான். அந்தக் கணக்கு இன்னும் என் மனத்தில் இருக்கிறது.

கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான். கிலோ 300-க்கு என்னிடம் வாங்கி, நீங்கள் யாரிடம், எத்தனை மணிக்கு விற்கிறீர்கள்? சில்லறையிலேயே நல்ல பால் காளான் எனக்கு 280, 300 போகிற ஊரில், அதையே கொள்முதல் விலையாகக் கொடுப்பவருக்கு வருமானம் காளானில் இல்லை, உங்கள் 2 லட்சத்தில்தான் இருக்கிறது. விதை தவிர எதையும் முன்பணம் கட்டி வாங்காதீர்கள். பயிற்சி விரிஞ்சிபுரத்திலேயே கிடைக்கிறது.

ஆகஸ்ட் 26, 2024, காலை 6.00

தம்பி கட்டவில்லையாம். நிம்மதி.

செப்டம்பர் 21, 2024, காலை 9.50

முதல் சனிக்கிழமை. 22 கிலோ. 9.15-க்குக் காலி.

செப்டம்பர் 29, 2024, இரவு 9.00

நேற்று இரண்டாவது சனிக்கிழமை 31 கிலோ. விலை 280-லிருந்து 260. ஓட்டல்களுக்கு 210. இன்று ஈ அடித்த நாலு படுக்கையை வெளியே எடுத்துப் புதைத்தேன். பச்சைப் பூஞ்சையும் இரண்டில். ஷெட் நிறைந்திருக்கும்போது ஒரு படுக்கையில் வந்தால் பக்கத்துக்குப் போய்விடும். தயங்காமல் எடுத்துவிடுங்கள்.

அக்டோபர் 5, 2024, மதியம் 12.40

ஆகஸ்ட் 11 அன்று, புரட்டாசியில் போட்டதெல்லாம் விற்கும் என்று எழுதினேன். அது தவறு. மூன்றாவது சனிக்கிழமையான இன்று 38 கிலோ கொண்டுபோனேன். அணைக்கட்டு, கணியம்பாடி, போளூர் வரை எல்லாரும் என்னைப் போலவே கணக்குப் போட்டிருக்கிறார்கள். டோல்கேட்டில் மட்டும் காளானோடு ஆறு பேர். ஊட்டி டப்பாவும் குவிந்துவிட்டது. எட்டு மணிக்கு 200, ஒன்பதரைக்கு 150. பதினொன்றுக்கு 9 கிலோ மிச்சம். அதைக் காட்பாடி ரயில்வே ஸ்டேஷன் பக்கத்து இரண்டு சாப்பாட்டுக் கடைகளுக்கு 100 ரூபாய்க்குக் கொடுத்துவிட்டு வந்தேன்.

திரும்பி வரும்போது யோசித்தேன். புரட்டாசி தேவையைக் கூட்டுகிறது, சந்தேகமில்லை. ஆனால் அதே நான்கு சனிக்கிழமையை நோக்கி எல்லாருடைய படுக்கையும் ஒரே நாளில் பூக்கிறது. கூடின தேவையைக் கூடின காளான் சாப்பிட்டுவிடுகிறது. 300-ஐ ஒரே வாரத்தில் போடாமல், வாரம் 60 என்று ஐந்து வாரமாகப் பிரித்திருந்தால் செவ்வாய், வியாழன் என்று சாதாரண நாளிலும் வீட்டு வாடிக்கைக்குக் கொடுத்திருக்கலாம். சனிக்கிழமை மட்டும் வருகிறவர் ஐப்பசியில் வர மாட்டார்.

தம்பியை 50 படுக்கை போடச் சொன்னதற்கு வருந்துகிறேன். நல்லவேளை, விதை கிடைக்காமல் அவர் போடவில்லை.

அக்டோபர் 18, 2024, இரவு 8.20

ஐப்பசி பிறந்துவிட்டது. நேற்று, இன்று இரண்டு நாளும் கறிக்கடையில் வரிசை. 6 கிலோ அறுத்ததில் நாலு கிலோ போயிற்று. வருடா வருடம் இந்த இரண்டு வாரம் இப்படித்தான். கல்யாண முகூர்த்தம் வந்தால் சரியாகும். புரட்டாசியில் கல்யாணம் இல்லை, வீட்டில் காளான். ஐப்பசியில் வீட்டில் கறி, கல்யாணத்தில் காளான். கார்த்திகையில் ஐயப்பனுக்கு மாலை போட்டவர்கள் வருவார்கள். மார்கழியில் கல்யாணம் நின்றுவிடும். தையில் மறுபடி. ஆடி மட்டும் இரண்டும் கெட்டான், அம்மன் கோயில் கூழோடு கறிக் குழம்புதான். பஞ்சாங்கத்தை வைத்துக்கொண்டு படுக்கை போட வேண்டும் என்று விரிஞ்சிபுரம் பயிற்சியில் என்னோடு இருந்த ஒரு ஆம்பூர் அக்கா சொன்னபோது நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

நவம்பர் 10, 2024, காலை 10.15

மிஞ்சினதைக் காயவைத்து விற்கலாமே என்று மூன்று பேர் கேட்டுவிட்டார்கள். செய்து பார்த்திருக்கிறேன். காளானில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். 10 கிலோ சிப்பி காய்ந்தால் 1 கிலோ. பச்சையாக 160-க்குப் போனால்கூட 10 கிலோ 1,600 ரூபாய். அப்படியானால் காய்ந்த கிலோ 1,600-க்கு மேல் போனால்தான் கவருக்கும் உழைப்புக்கும் ஏதாவது நிற்கும். வேலூரில் அந்த விலைக்கு யாரும் கேட்பதில்லை. பொடியாக்கி சூப் பொடி என்று 50 கிராம் பாக்கெட் போட்டேன். உறவுக்காரர்கள் வாங்கினார்கள், ஒரு தடவை.

இமயமலைப் பக்கம் குச்சி என்று ஒரு காட்டுக் காளான், கிலோ பத்தாயிரத்துக்கு மேல் போகிறது. காஷ்மீர், இமாச்சல், உத்தராகண்ட் காடுகளில் பனி உருகினதும் பொறுக்கி, நூலில் கோத்துக் காயவைத்து விற்கிறார்கள். அது காய்ந்தாலும் வாசம் போகாது, வருடக்கணக்கில் நிற்கும். அதனால்தான் மலைக் கிராமத்திலிருந்து டெல்லிக்கும், அங்கிருந்து வெளிநாட்டுக்கும் அவசரமில்லாமல் போகிறது. நம் காளானுக்கு அந்த அவகாசம் இல்லை. மிச்சத்தைக் காயவைக்கிற யோசனையைவிட, மிச்சம் விழாமல் அறுக்கிற யோசனை எனக்கு அதிகம் கொடுத்திருக்கிறது. முந்தின நாள் மாலையே வாட்ஸ்அப்பில் எவ்வளவு வேண்டும் என்று கேட்டுவிடுவேன். அந்த அளவுக்கு மட்டும் அறுப்பேன். பால் காளான் ஒரு நாள் பொறுக்கும்.

இந்தப் பழக்கம் 2020-இல் வந்தது. மார்ச் 25 ஊரடங்கு. ஷெட்டில் 90 படுக்கை முழுப் பூப்பில். ஓட்டல் இல்லை, கல்யாணம் இல்லை, உழவர் சந்தைக்குப் போக பஸ் இல்லை. 200 கிராம் பாக்கெட்டாகக் கட்டி ஒடுகத்தூர் தெருக்களில் நானும் மகளும் வீடு வீடாகக் கொடுத்தோம். காசு அப்புறம் தாருங்கள் என்றோம். அன்றைக்கு முதல் தடவை காளான் சமைத்த எண்பது வீட்டில் ஐம்பது வீடு இன்றும் வாங்குகிறது. மண்டி எனக்குக் கொடுக்காத சந்தை என் தெருவிலேயே இருந்திருக்கிறது. ஏழு வருடம் அதன் வழியாகத்தான் மண்டிக்குப் போய்க்கொண்டிருந்தேன்.

டிசம்பர் 3, 2024, இரவு 7.30

ஃபெஞ்சல் புயல் மழையில் போளூர், திருவண்ணாமலைப் பக்கம் வைக்கோல் போர் எல்லாம் நனைந்துவிட்டது. இன்று பொய்கை மாட்டுச் சந்தைக்குப் போயிருந்த வீட்டுக்காரர், மாட்டைவிட வைக்கோல் பேச்சுதான் அதிகம் என்றார். காய்ந்த வைக்கோலுக்குப் போன மாதத்து விலையில் ஒன்றரை மடங்கு கேட்கிறார்கள்.

காளான் விலையைப் பற்றி எழுதுகிறவர்கள் வைக்கோலை எழுதுவதில்லை. மாட்டுக்கும் நமக்கும் ஒரே வைக்கோல். பால்காரர் எந்த விலை கொடுத்தாலும் வாங்கித்தான் ஆக வேண்டும், மாடு பட்டினி கிடக்காது. அதனால் விலையை முடிவு செய்வது அவர்கள். நனைந்த வைக்கோலை மலிவு என்று வாங்கிவிடாதீர்கள். வேகவைத்தாலும் அதற்குள் இருக்கிற பூஞ்சை முழுதாகச் சாகாது. குடைக்காளான் கறுப்பாக முளைத்துப் படுக்கையையே தின்றுவிடும். ஒரு வருடத்து வைக்கோலைத் தையில் நவரைப் பட்டத்து நெல் நடவுக்கு முன்பே வாங்கி உயரமான இடத்தில் தார்ப்பாய் போட்டு மூடிவிட வேண்டும். நான் பாதிதான் வாங்கி வைத்திருந்தேன்.

டிசம்பர் 22, 2024, மாலை 5.00

பேச்சு தொடங்கின டிரஃபிளுக்கே திரும்பி வந்துவிட்டோம். காட்பாடி வாசகர், இங்கே பேக்கரியில் டிரஃபிள் 90 ரூபாய்க்குக் கிடைக்கிறது, நீங்கள் லட்சம் என்கிறீர்களே என்று எழுதியிருக்கிறார். அது சாக்லேட் கேக். அந்தக் காளானின் உருண்டை வடிவத்தைப் பார்த்து ஒரு மிட்டாய்க்கு அந்தப் பெயர் வைத்தார்கள், அப்புறம் கேக்கும் எடுத்துக்கொண்டது. என் மகளும் இதையே கேட்டாள், இரண்டு பேரும் விழுந்து விழுந்து சிரித்தோம்.

டிரஃபிள் எண்ணெய் ஊற்றின உருளைக்கிழங்கு வறுவல் சாப்பிட்டதாக இன்னொருவர் எழுதியிருக்கிறார். அந்த எண்ணெயில் பெரும்பாலும் காளானே கிடையாது. 2,4-டைதயாபென்டேன் என்கிற வேதிப்பொருள் வாசத்துக்காகச் சேர்ப்பது. அந்த வாசம் பிடித்திருந்தால் சாப்பிடுங்கள், டிரஃபிளுக்கு வேலூரில் சந்தை இருக்கிறது என்பதற்கு மட்டும் அதைச் சாட்சியாக எடுக்க வேண்டாம்.

2007-இல் இத்தாலியில் கிடைத்த ஒன்றரைக் கிலோ வெள்ளை டிரஃபிளை மக்காவ் சூதாட்ட விடுதி அதிபர் ஸ்டான்லி ஹோ 3,30,000 டாலருக்கு ஏலத்தில் எடுத்தார். வீடியோக்காரர்கள் அந்த ஒரு ஏலத்தை வைத்துக்கொண்டு கிலோ இவ்வளவு என்று பெருக்குகிறார்கள். அது ஏலம், சந்தை விலை இல்லை. சீனத்து யுனானில் தோண்டுகிற கறுப்பு டிரஃபிள் அதில் சின்னப் பங்கு விலைக்குப் போகிறது. வேடிக்கை என்னவென்றால் அந்தச் சீன டிரஃபிளின் அறிவியல் பெயர் டியூபர் இண்டிகம். 1892-இல் இமயமலைப் பக்கத்தில் கிடைத்ததை வைத்து அப்படிப் பெயர் சூட்டினார்கள்.

நாய் மோப்பம் பிடித்துத் தோண்டி எடுத்த நிமிஷத்திலிருந்து டிரஃபிள் வாசம் இழக்கத் தொடங்குகிறது. ஒரு வாரம், பத்து நாளில் முக்கால்வாசி போய்விடும். அதனால் காட்டிலிருந்து ஓட்டல் மேசைக்கு இரண்டே நாளில் விமானத்தில் அனுப்புகிறார்கள். இதைப் படித்தபோது 2013-இல் தக்காளிக் கூடைக்குப் பக்கத்தில் வெயிலில் உட்கார்ந்திருந்த என் 11 கிலோ 400 கிராம்தான் நினைவுக்கு வந்தது. அவர்களுக்குப் பத்து நாள் இருக்கிறது, எனக்குக் காலை பதினொன்று வரை.

ஜனவரி 17, 2025, காலை 11.30

குடியாத்தம் தம்பி கார்த்திகையில் 20 படுக்கை சிப்பி போட்டார். அவர் அனுப்பின கணக்கை, அவர் சம்மதத்தோடு போடுகிறேன். இதுவரை 15 கிலோ 300 கிராம் அறுத்திருக்கிறார். 12 கிலோ வீட்டு வாடிக்கைக்கு, கிலோ 200. இரண்டு கிலோ ஒரு மெஸ்ஸுக்கு, 150. மீதியை வீட்டில் சமைத்தார்கள். பொங்கலன்று 3 கிலோ, காலை ஒன்பதுக்குள். மாட்டுப்பொங்கலன்று ஒன்றுமில்லை, எல்லார் வீட்டிலும் கறி. 3 லட்சத்தில் செலவானது 9,000.

அம்மாவுக்கு இருமல் என்று எழுதியிருக்கிறார். அது காளான் தூள். சிப்பி முதிர்ந்தால் வெள்ளைப் புகை மாதிரி பறக்கும், ஷெட்டுக்குள் மூச்சில் போய் மார்பைக் கட்டும். ஓரம் சுருளுவதற்கு முன்பே அறுத்துவிடுங்கள். அம்மா உள்ளே போகும்போது துணியை மூக்கில் கட்டச் சொல்லுங்கள். ஒரு வாரத்தில் இருமல் நிற்கவில்லை என்றால் டாக்டரிடம் போங்கள், காளான் அப்புறம்.

மாசிக்கு மேல் சிப்பியை நிறுத்திவிட்டுப் பால் காளானுக்கு மாற வேண்டும். என்னிடம் நல்ல விதை பத்துப் பாக்கெட் தனியாக எடுத்து வைத்திருக்கிறேன். அடுத்த வெள்ளிக்கிழமை ஒடுகத்தூர் ஆட்டுச் சந்தைக்கு அப்பா வருவதாகச் சொன்னீர்களே, அவரிடம் கொடுத்து அனுப்புகிறேன். ஈரத் துணியும் ஒரு தெர்மோகோல் பெட்டியும் எடுத்து வரச் சொல்லுங்கள், பஸ்ஸில் வெயில் படாமல் போக வேண்டும்.